நாச்சியப்பன் நின்ற இடம்

கட்டினவர் பெயரைப் பெண்டாட்டி வாயால் சொல்லக் கூடாது என்பார்கள். எழுதக் கூடாது என்று யாரும் சொன்னதில்லை. நாச்சியப்பன். இதோ எழுதிவிட்டேன், என்ன ஆகிவிட்டது? கல்யாணமான நாளிலிருந்து ‘ஏங்க, இங்க பாருங்க’ என்று காற்றைப் பார்த்துக் கூப்பிட்டே காலத்தை ஓட்டினவள் நான். பெயர் முத்தாள். திருமயத்துக்குப் பக்கத்தில் ஒரு செட்டியார் வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டவள். எனக்குக் கோபம் ஜாஸ்தி என்று ஊரே சொல்லும். இதைப் படித்துவிட்டு அந்தக் கோபம் நியாயமா இல்லையா என்று நீங்களே சொல்லுங்கள்.

அவர் பார்த்த தொழிலை எங்கள் பக்கம் யாருக்கும் விளங்க வைக்க முடியாது. ‘மாப்பிள்ளைக்கு என்ன தொழில்?’ என்று கேட்டால் தேக்குமரம், மில்லு, வட்டிக்கடை என்று ஒரே வார்த்தையில் பதில் வர வேண்டும். ‘வெளிநாட்டுக்காரர்களோடு கூட்டுச் சேர்ந்து டெலிவிஷனுக்குப் படம் எடுக்கிறார்’ என்றால், ‘அது என்ன டெலிவிஷன்?’ என்பார்கள். ‘ரேடியோ மாதிரி ஒரு பெட்டி, அதில் ஆள் தெரியுமாம்.’ ‘நீ பாத்திருக்கியா?’ ‘இல்ல.’ ‘ஒன் வீட்டுக்காரராச்சும் பாத்திருக்காரா?’ அவரும் பார்த்ததில்லை. மெட்ராஸிலேயே அந்தப் பெட்டி கிடையாது. என் நாத்தனார் நாச்சம்மை, ‘எந்தம்பி கூத்தாடிக் கூட்டத்துல சேந்துட்டான்’ என்று ஒரு கல்யாணப் பந்தியிலேயே சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவள் அழுகைக்கு நடுவில் இரண்டாம் தடவை பாயசம் வாங்கியதை நான் பார்த்தேன்.

பதினைந்து வயதில் ரங்கூனுக்குப் போனவர். அங்கே எங்கள் ஆட்களின் கடையில் வேலை. ஒரு பக்கம் நெல் விளைவிக்கிற பர்மாக்காரன், ஒரு பக்கம் பாங்கு வெள்ளைக்காரன், நடுவில் இரண்டு பாஷையும் தெரிந்த இவர். அந்தக் கடையில் ஒரு பாடம் படித்தார். யார் என்ன பேசினாலும் மற்றவன் பாஷையில் மாற்றிச் சொல்லலாம், கோபத்தை மட்டும் அப்படி மாற்றிச் சொல்லக் கூடாது. ‘கழுதைக்குப் பிறந்த பயலே’ என்று இவன் கத்தினால், ‘கொஞ்சம் யோசிச்சுச் சொல்லட்டுமாம்’ என்று அவனிடம் சொல்ல வேண்டும். அவன் யோசிக்கிற நேரத்தில் இவன் கோபம் பாதி இறங்கிவிடும். நாற்பத்திரண்டில் ஜப்பான்காரன் குண்டு போட்டபோது காடும் மலையுமாக நடந்து ஊர் வந்து சேர்ந்தார். போட்டது போட்டபடி வந்தவர் இந்தப் பழக்கத்தை மட்டும் பத்திரமாகக் கொண்டுவந்திருந்தார்.

நாற்பத்தெட்டில், புதுக்கோட்டை சமஸ்தானம் மெட்ராஸ் ராஜ்யத்தோடு சேர்ந்த அதே மாசம், மெட்ராஸுக்கு ரயில் ஏறினார். ஒரு சினிமா ஸ்டுடியோவில் இங்கிலீஷ் கடிதம் எழுதுகிற குமாஸ்தா. கூட்டாகப் படம் எடுக்க வந்த சிலோன்காரர்கள் பாதிப் படத்தில் முறைத்துக்கொண்டு நின்றபோது இவரைக் கூப்பிட்டுப் பேச வைத்தார்கள். அந்தப் படம் முடிந்தது. அப்புறம் யானை பிடிப்பதைப் படம் எடுக்க வந்த இங்கிலீஷ்காரன், கோபுரம் எடுக்க வந்த பிரெஞ்சுக்காரன் என்று ஒருவர் பின் ஒருவராக வந்தார்கள். ஐம்பத்தாறில் சொந்தமாகவே கம்பெனி வைத்தார். கூட்டுப் படம் என்றால் என்ன என்று எனக்கு ஒரே தடவைதான் விளக்கினார். “கலியாணம் மாதிரிதான் முத்தாள். ரெண்டு வீட்டாரும் ஒரே பந்தியில ஒக்காரணும். யாரு எலைக்கு மொதல்ல போட்டீங்கன்னு சண்டை வரும். பரிமாறுறவன் நான்.”

பந்தியில் சூடேறினால் அவரிடம் இன்னொரு வித்தையும் இருந்தது. இரண்டு பேரில் ஒருவரை அந்த இடத்தைவிட்டே கிளப்பிக்கொண்டு போய்விடுவார். சிலோன்காரரை மீமிசலுக்குக் கூட்டிப்போய்க் கடலைக் காட்டி மீன் வாங்கிக் கொடுத்தார். பிரெஞ்சுக்காரரைத் திருச்சி ஹோட்டலில் ஒருநாள் தூங்க வைத்தார். திரும்பி வரும்போது அவர்கள் வேறு ஆளாக வருவார்கள். ‘மனுஷன் மூணு நாளைக்கு மேல ஒரே பிடியில நிக்க மாட்டான்’ என்பது அவருடைய வேதவாக்கு. பதின்மூன்று வருஷமும் அது பலித்தது. பலித்ததுதான் கெடுதல்.

அறுபத்தொன்றில் ஜெர்மனியிலிருந்து ஒரு டெலிவிஷன் கம்பெனி எழுதியது. ஆறு படம், ஆறும் இவரோடு கூட்டு. முதல் படம் எங்கள் பக்கத்து ஐயனார் கோயில் புரவியெடுப்பு. மண்ணில் ஆள் உயரத்துக்கு மேல் குதிரை செய்து, சூளையில் சுட்டு, வர்ணம் அடித்து, கடைசியில் மையால் கண் எழுதித் திறந்து, தோளில் தூக்கிக்கொண்டு கோயிலுக்குப் போவார்கள். அந்தக் கண் திறப்பைக் குதிரைக்கு நேர் எதிரே நின்று எடுக்க வேண்டும் என்று ஒப்பந்தத்திலேயே எழுதியிருந்தான் ஜெர்மன்காரன். முதல் படம் சரியாக வந்தால் மற்ற ஐந்தும் இவருக்கு. வராவிட்டால் ஒன்றும் இல்லை. கையெழுத்துப் போட்ட அன்றைக்கு ரங்கூனை விட்டு வந்த பிறகு முதல் தடவையாக அவர் சீட்டியடித்ததைக் கேட்டேன்.

ஊர் அன்னவாசலுக்கு மேற்கே. பெயர் வேண்டாம், எழுதினால் என்னிடம் சண்டைக்கு வருவார்கள், எனக்கும் சண்டை பிடிக்கும், வேலை ஓடாது. ஆனி மாசம். ஊர்த் தலைவரான அம்பலக்காரர் தங்கமுத்து, மீசையும் தலைப்பாகையுமாகப் பார்த்தாலே மரியாதை வருகிற ஆள். புரவி செய்கிறவரும் கோயிலில் பூசை வைக்கிறவரும் ஒரே ஆள்தான், குழந்தைசாமி வேளார். அதிர்ந்து பேசாத மனுஷர். ஜெர்மனியிலிருந்து இரண்டு பேர் வந்தார்கள். படத்துக்கு டைரக்டர் பிராண்ட், ஐம்பது வயசு, வெயிலில் வெந்த முகம். கேமரா பிடிக்க டீட்டர் என்று ஒருத்தன், இருபத்திரண்டோ மூன்றோ. அவர்களுக்குச் சமைத்துப் போட நான் போனேன். வேறு யார் போவார்கள்?

தப்பு காப்புக் கட்டுகிற அன்றைக்கே நடந்தது. எட்டு நாள் திருவிழா. காப்புக் கட்டிவிட்டால் அந்த ஊரில் எண்ணெய்ச் சட்டி வைக்கக் கூடாது, தாளிக்கக் கூடாது, உலக்கைச் சத்தம் கேட்கக் கூடாது. காப்புக் கட்டினவர் திருவிழா முடிகிற வரைக்கும் ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது. அம்பலக்காரர் நல்ல மனசோடுதான் கேட்டார். “துரைமாருக்கும் கட்டுறதாங்க, வேணாமா? வேணாம்னா அன்னவாசல்ல தங்கிக்கிட்டுப் பகல்ல வந்து போகட்டும். ஒண்ணும் குத்தமில்ல.”

நான் இவர் பக்கம் திரும்பி, “அன்னவாசல்லயே தங்கட்டுமே” என்றேன்.

“சும்மா இரு. காப்புக் கட்டிக்கிட்டா நம்ம ஆளுக. இல்லாட்டி வேடிக்கை பாக்க வந்தவங்க” என்று அம்பலத்திடம் தலையாட்டிவிட்டார். வேளார் மஞ்சள் நனைத்த கயிற்றை இரண்டு வெள்ளைக் கைகளிலும் கட்டினார். எனக்கும் இவருக்கும் கட்டினார். ஊரே சந்தோஷப்பட்டது. மீமிசலுக்கும் திருச்சிக்கும் போகிற வழியை இவரே இழுத்துச் சாத்திக்கொண்டார். அது அப்போது அவருக்கு உறைக்கவில்லை.

முதல் இரண்டு நாள் எல்லாம் வித்தையாகத்தான் போனது. புரவிப் பொட்டலுக்குள் பிராண்ட் பூட்ஸோடு வந்தபோது, “செருப்பக் கழட்டுடா டேய்!” என்று நாலு பக்கமும் கத்தினார்கள். இவர் பிராண்டிடம் சிரித்துக்கொண்டே ஏதோ சொன்னார். அந்த ஆளும் சிரித்துக்கொண்டே பூட்ஸைக் கழற்றி, கூட்டத்தைப் பார்த்துக் கும்பிட்டான். கூட்டம் கைதட்டியது. என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன். “ஒங்களச் சொந்தக்காரரா நெனைக்கிறாங்க, வீட்டுக்குள்ள வர்ற மாதிரி வரச் சொல்றாங்கன்னேன்.” எனக்கே சிரிப்பு வந்துவிட்டது.

டீட்டர் நல்ல பிள்ளை. தாளிக்காத குழம்பைப் போட்டாலும் வழித்துச் சாப்பிட்டு, ‘ஆச்சி, குட்’ என்பான். கேமராவில் ஒரு சுருள் மூன்று நிமிஷம்கூட ஓடாது. முடிந்ததும் கறுப்புப் பை ஒன்றுக்குள் இரண்டு கையையும் விட்டுக்கொண்டு, மேலே பார்த்தபடி புதுச் சுருளை மாட்டுவான். “என்னடா, மாவு பெசையிறியா?” என்று கேட்டேன். இவர் மாற்றிச் சொன்னதும் அவன் விழுந்து விழுந்து சிரித்தான். அதற்கப்புறம் ஒவ்வொரு தடவை பைக்குள் கையை விடும்போதும் என்னைத் தேடி, ‘ஆச்சி, மாவு!’ என்று கத்துவான். ஒரு சுருள் மாட்ட அஞ்சு நிமிஷம் ஆகும்.

செவ்வாய்க்கிழமை வந்தது வினை. வெள்ளிக்கிழமை கண் திறப்பு. கேமராவை எங்கே வைப்பது என்று பேச உட்கார்ந்தார்கள். வேளார் தரையில் கோடு கிழித்துக் காட்டினார். “இது அரண்மனைப் புரவி நிக்கிற எடம். மொதக் கண்ணு இதுக்குத்தான். இதுக்கு நேரா, அந்தக் கம்மாக் கரை வரைக்கும் ஒரு உசுரு நிக்கப்படாது. ஆடு மாடுகூட. மொதப் பார்வை தாங்காதுங்க. எங்க அப்பாரு காலத்துல ஒரு மாட்டுக்காரன் தெரியாம குறுக்க வந்துட்டான். வருசம் திரும்பல, போயிட்டான்.”

அம்பலக்காரர் சொன்னார். “பெட்டி ஓரமா, பக்கவாட்டுல இருக்கட்டும். அது போதுமுல்ல?”

இவர் பிராண்டிடம் இங்கிலீஷில் பேசினார். பிராண்ட் கையால் நேராக வெட்டிக் காட்டினான். நேரே, நேரே என்பது அந்தக் கையிலேயே தெரிந்தது. எனக்கு இங்கிலீஷ் வராது. ஆனால் என் வீட்டுக்காரர் ஒப்புக்கொண்டால் என்ன வார்த்தை சொல்வார் என்று தெரியும். வெள்ளைக்காரனிடம் ‘ஆல் ரைட்’. நம் ஆளிடம் ‘ஆகட்டும்’. அன்றைக்கு ஒரே மூச்சில் இரண்டு பக்கமும் திரும்பி இரண்டையும் சொன்னார்.

பள்ளிக்கூடக் கட்டடத்தில்தான் எங்களுக்கு ஜாகை. உள்ளே வந்ததும் பிடித்துக்கொண்டேன். “ரெண்டு பேருக்கும் சரின்னுட்டீங்க. வெள்ளிக்கெழமை யாருக்கு இல்லன்னு சொல்லப் போறீங்க?”

“அதுக்குள்ள யாராச்சும் ஒருத்தர் எறங்குவாங்க. மூணு நாள் இருக்கு.”

“எறங்க வைக்கிறதுக்கு எங்க கூட்டிக்கிட்டுப் போவீங்க? மீமிசலுக்கா? கையப் பாருங்க, கயிறு கெடக்கு.”

அவர் கையைப் பார்த்தார். அப்போதுதான் அவருக்கு உறைத்தது என்று நினைக்கிறேன். முகம் சுண்டிப்போய்விட்டது. ஒரு சிலேட்டை எடுத்து விசிறிக்கொண்டார்.

புதன்கிழமை பிராண்டிடம் பேசிப் பார்த்தார், அந்த ஆள் ஒப்பந்தத்தை எடுத்து விரலால் தட்டினான். வியாழக்கிழமை அம்பலத்திடம் ஜாடையாகக் கேட்டுப் பார்த்தார். “செட்டியாரே, நீங்க வெளையாட்டுக்குக் கேக்குறீங்க, நானும் வெளையாட்டாவே எடுத்துக்கிறேன்” என்றார் அவர். யாரும் இறங்கவில்லை. மனுஷன் மூன்று நாளைக்கு மேலும் ஒரே பிடியில் நிற்பான் என்று அந்த ஊர்தான் எங்களுக்குக் காட்டியது. உண்மையைச் சொல்லிவிடுங்கள் என்று கெஞ்சினேன், திட்டினேன். “இப்பச் சொன்னா ரெண்டு பக்கமும் போயிரும் முத்தாள். அஞ்சு படம் போயிரும். இந்த வயசுல நான் மறுபடி குமாஸ்தாவாப் போகணுமா?” என்றார். அந்தக் குரலைக் கேட்டபோது எனக்கு ஆத்திரமும் வந்தது, பாவமாகவும் இருந்தது.

வெள்ளிக்கிழமை மத்தியானம் இருபத்து மூன்று புரவிகளையும் பொட்டலில் வரிசையாக நிறுத்திவிட்டார்கள். எல்லாவற்றின் கண்ணிலும் வெள்ளைத் துணி. முதலில் நின்ற அரண்மனைப் புரவிக்கு மாலை ஏறிவிட்டது. அரண்மனையே போய்ப் பதின்மூன்று வருஷம், புரவிக்கு மட்டும் அந்தப் பெயர் போகவில்லை. ஐந்து மணிக்குள் கண் திறக்க வேண்டும். நாலு மணிக்குப் பிராண்ட் கேமராவைத் தூக்கிக்கொண்டு வந்து, புரவிக்கு நேர் எதிரே, இருபது அடியில் நட்டான். டீட்டர் குனிந்து கண்ணை வைத்தான்.

மேளம் நின்றுவிட்டது.

அம்பலக்காரர் வந்தார். அவருக்குப் பின்னால் கம்போடு முப்பது பேர். “செட்டியாரே, என்ன இது? பெட்டிய எடுக்கச் சொல்லுங்க.” இவர் பிராண்டிடம் சொன்னார். பிராண்ட் முகம் மிளகாய்ப் பழமாகச் சிவந்து கத்த ஆரம்பித்தான். அம்பலக்காரர் அதைவிடப் பெரிதாகக் கத்தினார். “இவன் பெட்டியத் தூக்கிக் கம்மாய்ல வீசுறேன்! இவனையும் சேத்து வீசுறேன்! சொல்லுங்கய்யா அவங்கிட்ட!”

வழக்கமாக என்றால் இந்த இடத்தில் அவர் சிரிப்பார். அன்றைக்குச் சிரிக்கவில்லை. பிராண்டைப் பார்த்து மெதுவாக, ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னார், கம்மாய்ப் பக்கம் கையையும் காட்டினார். பிராண்ட் முகம் வெளுத்துப்போனது. பிறகு இந்தப் பக்கம் திரும்பி, “அவர் சொல்றது இது. நீங்க காட்டுமிராண்டிகளாம். மூணு நாளா அவர ஏமாத்திட்டீங்களாம். நேர எடுக்க விடாட்டி இப்பவே கயித்த அத்துப் போட்டுட்டு எல்லையத் தாண்டிப் போயிருவாராம்” என்றார்.

ரங்கூனிலிருந்து இருபத்தைந்து வருஷத்தில் அவர் கோபத்தைக் கோபமாகவே மாற்றிச் சொன்னது அதுதான் முதல் தடவை.

அம்பலக்காரர் ஓரடி முன்னால் வந்தார். பிறகு தணிந்த குரலில் கேட்டார். “நாங்க ஏமாத்துனமா செட்டியாரே? ஓரமாத்தான் வைப்பாங்கன்னு நீங்கதான எங்கிட்டச் சொன்னீங்க?”

“ஆமா. ஒங்களுக்கு ஓரமான்னு சொன்னேன். அவருக்கு நேரான்னு சொன்னேன். ரெண்டு வாக்கும் நான் குடுத்தது. ஒங்க மேலயும் தப்பில்ல, அவர் மேலயும் தப்பில்ல” என்றார். அதையே இங்கிலீஷிலும் சொன்னார். ஊர் முன்னால் என் புருஷன் அப்படி நின்றதைப் பார்த்தபோது பூமி பிளந்து என்னை விழுங்கக் கூடாதா என்று இருந்தது.

பிராண்ட் நகரவில்லை. கேமராவை எடுக்கத் தொட்டால் அடிதடி. காப்புக் கட்டினவன் மேல் கை வைத்தால் திருவிழாவே நின்றுபோகும். எல்லையைத் தாண்ட விட்டாலும் நின்றுபோகும். வெயில் இறங்கிக்கொண்டே வந்தது. குழந்தைசாமி வேளார் புரவிக்குப் பக்கத்தில் தூரிகையும் மைக் கிண்ணமுமாக நின்றார். “நேரம் போகுது சாமி” என்றார். “அந்தப் புள்ள எதுத்தாப்புல கண்ண வச்சுக்கிட்டு நிக்கிறான். யாரு பெத்த புள்ளையோ. என் கையால அவனுக்கு இந்தக் கெடுதல நான் எப்படிச் செய்வேன்?”

டீட்டர் ஒன்றும் விளங்காமல் எங்களை மாறி மாறிப் பார்த்தான். சிரிக்கப் பார்த்தான், வரவில்லை.

இவர் வேளாரிடம் போய்த் தாழ்ந்த குரலில் கேட்டார். நான் பக்கத்தில் நின்றேன். “மொதப் பார்வைதான ஆகாது? ரெண்டாவது பார்வை?”

“ரெண்டாவது வரமுங்க. அதுக்குத்தான ஊரே வந்து நிக்கிறோம்.”

இவர் திரும்பிப் பிராண்டிடம் இரண்டு விரலைக் காட்டி ஏதோ சொன்னார். பிராண்ட் யோசித்துத் தலையாட்டினான். அதற்கப்புறம் என் வீட்டுக்காரர் மேல்துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு நடந்துபோய், புரவிக்கும் கேமராவுக்கும் நடுவில், புரவியைப் பார்த்தபடி நின்றார். டீட்டரை முழுசாக மறைத்துக்கொண்டு நின்றார்.

“ஏங்க!” என்று கத்தினேன். ஓடப்போன என்னை இரண்டு பெண்கள் பிடித்துக்கொண்டார்கள். “நாச்சியப்பன்” என்று கத்தியிருந்தால் திரும்பியிருப்பாரோ என்று பின்னால் எத்தனையோ நாள் நினைத்திருக்கிறேன்.

வேளார் அவரைப் பார்த்தார். இவர், “ம், ஆகட்டும்” என்றார். துணியை அவிழ்த்தார்கள். கொட்டு முழங்கியது. நான் புரவியின் பக்கத்தில் நின்றதால் எனக்கு அவர் முகம் நேராகத் தெரிந்தது. வியர்வை வழிந்தது, துடைக்கவில்லை. கண்ணை மூடவுமில்லை. வேளார் வலது கண்ணுக்கு மை வைத்தார், மந்திரம் சொன்னார், இடது கண்ணுக்கு வைத்தார். குலவைச் சத்தம் காதைப் பிளந்தது. பிராண்ட் பின்னாலிருந்து, நகரு நகரு என்று கத்துவது கேட்டது. இவர் நகரவில்லை. வேளார் தூரிகையைக் கிண்ணத்தில் போட்டுவிட்டுக் கும்பிடுகிற வரைக்கும் நின்றார். அதற்கப்புறம்தான் ஓரமாக விலகினார். அதற்குள் சுருள் ஓடித் தீர்ந்திருந்தது, டீட்டர் பதறிக் கறுப்புப் பைக்குள் கையை விட்டான். ‘மாவு’ என்று அவன் கத்தவில்லை. அவன் சுருளை மாட்டி முடிப்பதற்குள் புரவி தோளில் ஏறிக் கோயில் பாதையில் பாதி தூரம் போய்விட்டது.

அன்றைக்கு அவர் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் சொன்னார். “பசிக்குது முத்தாள்.”

ஞாயிற்றுக்கிழமை ஒவ்வொருவராகக் காப்பு அவிழ்த்தார்கள், என் முறை கடைசி. பிராண்ட் யாரிடமும் சொல்லாமல் ஜீப்பில் ஏறினான். டீட்டர் மட்டும் இவரைத் தனியாக இழுத்து ஏதோ கேட்டான், இவர் பதில் சொல்லச் சொல்ல அவன் முகம் மாறியது. போகும்போது என் காலைத் தொட்டான். நான் வேளாரிடம் போய் அழுதேன். பரிகாரம் உண்டா என்றேன். “ஒண்ணும் கெடையாது ஆச்சி” என்றார் அவர், அவர் கண்ணும் கலங்கியிருந்தது. “வேணும்னா அவருக்காக ஒங்க காப்ப அவுக்காம வச்சுக்கங்க. அடுத்த ஆனி வரைக்கும்.”

வைத்துக்கொண்டேன். வளையலுக்கு அடியில் கயிறு யாருக்கும் தெரியாது. காப்பு இருக்கிற வீட்டில் தாளிக்கக் கூடாதே. ஒரு வருஷம் என் அடுப்பில் கடுகு வெடிக்கவில்லை. வெறும் புளித்தண்ணீராக ரசம், பொரிக்காத அப்பளம். கேட்டவர்களுக்கு வயிற்றுப்புண், டாக்டர் உத்தரவு என்றேன். ‘செட்டி வீட்டுச் சாப்பாடாடி இது?’ என்று நாச்சம்மை முகத்தைச் சுளித்தாள். இவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. போட்டதைச் சாப்பிட்டார்.

அந்த வருஷத்தை எப்படித் தாண்டினேன் என்று எனக்கே தெரியாது. ஐப்பசியில் அவருக்குக் காய்ச்சல் வந்து ஆறு நாள் இறங்கவில்லை. தை மாசம் கீரனூர் பக்கம் பஸ் கவிழ்ந்தது என்று சேதி வந்தபோது அவர் திருச்சியிலிருந்து வருகிற நேரம். வாசலில் நின்றது நின்றபடி நின்றேன். இரண்டு மணி நேரம் கழித்து அடுத்த பஸ்ஸில் இறங்கி, கையில் கொய்யாப்பழத்தோடு வந்தார். பழத்தைப் பிடுங்கி வீசியெறிந்தேன். “கொய்யா புடிக்கலையா?” என்று கேட்டார் அந்த மனுஷர்.

பங்குனியில் ஜெர்மனியிலிருந்து பிராண்டின் கடிதம் வந்தது. பிரித்துப் படித்தார். நடுவில் ஒரு இடத்தில் அவர் கண் நின்றது, மறுபடி ஓடியது. “என்ன எழுதியிருக்கான்?” என்றேன். “படம் நல்லா வந்திருக்காம். அடுத்த படத்துக்கு ஏற்பாடு பண்ணச் சொல்றான்” என்றார். அதற்கப்புறம் திங்கட்கிழமைதோறும் ஏற்பாடு பண்ண என்று திருச்சிக்குப் போய்வந்தார். நான் அந்தக் கடிதத்தை எடுத்துப் பெட்டகத்தில் வைத்தேன். அவர் மாற்றிச் சொல்கிற லட்சணம் எனக்குத் தெரியாதா?

ஆனி வந்தது. திருவிழா நாளும் வந்தது, போனது. மறுநாள் காலையில் கயிற்றை அவிழ்த்துக் கிணற்றில் போட்டேன். எண்ணெய்ச் சட்டியை அடுப்பில் ஏற்றினேன். கடுகைப் போட்டதும் அது வெடித்த சத்தத்தில் என் கண்ணில் நீர் தாரை தாரையாக வந்தது. மிளகாய் நெடி என்று சொல்லிக்கொண்டேன். அடுப்படியில் வேறு யாருமில்லை, யாரிடம் சொன்னேனோ. அவரைக் கூப்பிட்டு இலை போட்டேன். நாலு கவளம் சாப்பிட்டதும் இலைக்குப் பக்கத்தில் கடிதத்தை வைத்தேன்.

“படிங்க” என்றேன். “அன்னைக்கு அம்பலத்துக்குச் சொன்னீங்கள்ல, அந்த மாதிரி படிங்க.”

என்னைப் பார்த்தார். கடிதத்தை இடது கையால் எடுத்து மெதுவாகப் படித்தார். “அன்புள்ள நாச்சியப்பன். ரெண்டு நிமிஷம் என்னை நம்புங்கள் என்றீர்கள். நம்பினோம். அந்தச் சுருள் முழுவதும் உங்கள் முதுகுதான் இருக்கிறது. நான் பல நாடுகளில் வேலை பார்த்தவன். இவ்வளவு மரியாதையாக என்னை யாரும் ஏமாற்றியதில்லை. ஒப்பந்தம் இத்துடன் முடிகிறது. மற்ற ஐந்து படங்களையும் வேறு ஆளிடம் கொடுத்துவிட்டோம்.”

“அப்ப, திங்கக்கெழமை திங்கக்கெழமை திருச்சிக்குப் போனது?”

“வேலை தேடி.”

“எங்கிட்ட எதுக்கு மறைச்சீங்க? நான் என்ன ஜெர்மன்காரியா?”

“நீ ஏற்கெனவே ஒரு பயத்தச் சொமந்துக்கிட்டிருந்த. அதுக்கு மேல இது ஒண்ணு எதுக்கு?”

“பயந்தேன்னு நான் சொன்னேனா?”

“ஒரு வருஷமா ஒன் ரசம் சொல்லுச்சு.”

நான் உட்கார்ந்துவிட்டேன். “சுருளு மூணு நிமிஷந்தான் ஓடும்னு ஒங்களுக்குத் தெரியும். நின்னா அஞ்சு படமும் போயிரும்னு தெரியும். தெரிஞ்சேதான் நின்னீங்க?”

“ஆமா.”

“அந்த மொதப் பார்வைய நம்புனீங்களா?”

“அதெல்லாம் எனக்குத் தெரியாது முத்தாள். வேளாரு நம்புனாரு. ஊரு நம்புச்சு. அவங்களுக்கு வாக்குக் குடுத்தவன் நானு. ஒண்ணும் தெரியாத அந்தப் பையனக் கொண்டாந்து நிறுத்துனவனும் நானு. வேற யாரு நிக்கிறது?” என்றார். பிறகு கடிதத்தின் அடியில் பென்சிலால் எழுதியிருந்ததைக் காட்டினார். “இது டீட்டர் எழுதினது. ஆனி முடிஞ்சதும் எனக்கு ஒரு வரி எழுதுங்கள். காலண்டரில் குறித்து வைத்திருக்கிறேன்னு.”

ஏழு கடல் தாண்டி அந்தப் பிள்ளையும் என்னைப் போலவே நாளை எண்ணிக்கொண்டு இருந்திருக்கிறான். எனக்கு அதற்குமேல் தாங்கவில்லை. விக்கி விக்கி அழுதேன். அவர் இலையை விட்டு எழுந்து வந்து, எச்சில் கையோடு பக்கத்தில் உட்கார்ந்தார். அன்றைக்கே டீட்டருக்கு அட்டை எழுதிப் போட்டோம்.

அதற்கப்புறம் இரண்டு வருஷம் சிரமம்தான். அறுபத்து நாலில் டீட்டர் தனியாகப் படம் எடுக்கக் கிளம்பி, இவரைத்தான் முதலில் கூப்பிட்டான். பிறகு ஜப்பான்காரர்கள் வந்தார்கள், ஸ்வீடன்காரர்கள் வந்தார்கள். இப்போதெல்லாம் கோபத்தையும் சேர்த்தே மாற்றிச் சொல்கிறார். பாதிப் பேர் முதல் நாளே பெட்டி படுக்கையைக் கட்டுகிறார்கள். மீதிப் பேரோடு வேலை நடக்கிறது.

டெலிவிஷன் பெட்டியை நாங்கள் இரண்டு பேரும் இன்னும் பார்க்கவில்லை. டெல்லியில் வந்திருக்கிறதாம், நம் பக்கம் வரட்டும். வந்தால் எனக்கு அதில் கோபுரம், யானை எதுவும் பார்க்க வேண்டாம். அன்றைக்குப் புரவிக்கு முன்னால் அவர் நின்றபோது நான் பார்த்தது அவர் முகத்தை. அந்த மூன்று நிமிஷ முதுகு ஜெர்மனியில் ஏதோ ஒரு டப்பாவில் கிடக்கிறது. அதை ஒரு தடவை எனக்குக் காட்டினால் போதும்.